சந்திரபாகம்

காபி நன்னாத்தான் இருக்கு, இன்ஸ்பெக்டர் சார். டம்ளரைச் சுடுதண்ணில அலம்பித் தரச் சொன்னேன். போலீஸ்காரி மலையம்மாள் முகம் சுளிக்காம அலம்பிக் குடுத்தா. நல்ல பொண்ணு.

என் ஆத்துக்காரர் சுப்பராமன் எப்படிச் செத்தார்னு கேக்கறேள். ஒண்ணும் மறைக்கப் போறதில்லை. ஆனா எச்சில்லேர்ந்து ஆரம்பிச்சாத்தான் உங்களுக்குப் புரியும்.

பதினாறு வயசுல கல்யாணமாகி ஆரப்பாளையத்துக்கு வந்தேன். அவர் சாப்பிட்டு எழுந்த இலையிலதான் நான் உக்காந்து சாப்பிடணும். எங்காத்துல அதுதான் வழக்கம். அதைப் பாக்கியம்னு வேற சொல்லுவா. அவர் மோர்சாதத்தைப் பிசைஞ்சா விரலிடுக்குல வழியும், முழங்கை வரைக்கும் நாக்கைப் போட்டு வழிப்பார். முருங்கைக்காய் சக்கையை மென்னு மென்னு இலை ஓரத்துல துப்புவார். அந்த ஈரம் காயறதுக்குள்ள அதே இலையில எனக்கு ரசஞ்சாதம். கண்ணை மூடிண்டு முழுங்குவேன். பாதி நாள் கொல்லைப்பக்கம் போய் வாந்தி எடுத்துட்டு வந்து பாத்திரம் தேய்ப்பேன். யார்கிட்டயும் சொன்னதில்லை. கட்டினவர் எச்சில் குமட்டறதுன்னு எந்த வாயால சொல்றது?

அப்புறம் எவர்சில்வர் காலம் வந்தது. பழைய ஜரிகைப் புடவையைப் போட்டு ரெண்டு தட்டு வாங்கினேன். ஒண்ணுல அவர் பேர், இன்னொண்ணுல என் பேர் வெட்டச் சொன்னேன். இலை நின்னுபோச்சு. ஆறு வருஷம் சாப்பாடுன்னா என்ன ருசின்னு எனக்குத் தெரிஞ்சது.

ரிட்டயர் ஆனதும் அவர் ஒரு வாரப் பத்திரிகைல தொடர்கதை எழுத ஆரம்பிச்சார். ஏழு நிலா உதிக்கிற ஒரு தீவு, அதுல ஒரு ராஜா, ஒரு ராணி. எல்லாம் அவரோட கற்பனை. அங்கே பட்டாபிஷேகத்தன்னிக்கு சந்திரபாகம்னு ஒரு இனிப்புப் பண்ணுவாளாம். வெள்ளிக் கிண்ணத்துல ஏழு அடுக்கு, ஒரு அடுக்கு ஒரு நிலா. மேல் மூணு நிலாவை ராஜா சாப்பிடணும். கடைசி வாயை மென்னு, பாதியை முழுங்கி, மீதியைக் கிண்ணத்துலயே திருப்பி விடணும். அதை அடியில இருக்கிற நாலு நிலாவோட கலந்து ராணி சாப்பிடணும். பாகம்னா பாகு, பாகம்னா பங்குன்னு விளக்கம் வேற. ராஜாவோட வாயமுதம் பட்டாத்தான் இனிக்கும்னு எழுதினார். கர்மம். உங்களுக்கே முகம் போற போக்கைப் பாருங்கோ. ஆனா வாசகாள் உருகிப் போயிட்டா. தினம் கடுதாசி வந்து குவியும்.

போன மாசம் எங்களுக்கு அறுபதாங் கல்யாணம். அன்னிக்கு அந்தப் பலகாரத்தை நிஜமாவே பண்ணி, நாங்க ரெண்டு பேரும் சாப்பிட்டுக் காட்டணும்னு பத்திரிகைக்காரா பத்து நாள் முன்னாடியே வந்து கேட்டா. அவருக்குத் தலைகால் புரியலை. “இனிமே ரெண்டு தட்டு எதுக்கு ஸ்யாமளா? ஒண்ணு போறும், பழையபடி நான் சாப்பிட்டதும் நீ சாப்பிடு”ன்னார். சொன்ன கையோட என் பேர் வெட்டின தட்டைப் பரண்ல தூக்கிப் போட்டார். அன்னிக்கு மத்தியானம் அவர் தட்டுல சாப்பிட்டேன். அன்னிக்குத்தான் முடிவு பண்ணினேன். கோவம்னு எழுதிக்காதேங்கோ. கோவமே இல்லை.

எலி பாஷாணம் ஆத்துலயே இருந்தது. பாலைக் குறுக்கி, பாதாம் அரைச்சு, ஒவ்வொரு நிலாவா இறுக வச்சேன். மேல் மூணுல மட்டும் கலந்தேன். வாடை தெரியாம இருக்கப் பச்சைக் கற்பூரம் கொஞ்சம் தூக்கல். என் நாத்தனார் ஜகதாம்பாள் உள்ளங்கையை நீட்டி, துளி குடு, ருசி பாக்கறேன்னா. நைவேத்யத்துக்கு வச்சிருக்கேன், எச்சில் பண்ணப்படாதுன்னேன். சட்டுனு கையை இழுத்துண்டா. அப்படித்தான் அவ உசிர் பிழைச்சது. சுவாமிக்கும் அதையேதான் காட்டினேன். சுவாமி மென்னு துப்பறதில்லையே.

எல்லார் எதிர்லயும் அவர் மூணு நிலாவையும் சாப்பிட்டார். கடைசி வாயைக் கிண்ணத்துல திருப்பி விட்டார். ஸ்பூன்லேர்ந்து எச்சில் நூலாட்டம் தொங்கித்து. எங்கிட்ட நீட்டினப்போ கை தவறினாப்பல கீழே விட்டேன். பக்கத்தாத்து நாய் வந்து நக்கித்து. அது செத்து விழுந்ததாலதான் நீங்க இதைக் கண்டுபிடிச்சேள். நாய்க்காக வருத்தம்தான்.

சாயங்காலம் அவருக்கு வாந்தி ஆரம்பிச்சது. ரெண்டு நாள் ஆஸ்பத்திரில நான்தான் அள்ளிக் கொட்டினேன், வாயைத் துடைச்சு விட்டேன். ஆச்சரியம் என்னன்னா, அப்போ எனக்குக் குமட்டவே இல்லை. மூணாம் நாள் போயிட்டார்.

“கிண்ணத்தக் கீழ போட்டாலே காரியம் முடிஞ்சிருக்குமேம்மா. அதுக்கு எதுக்கு ஒரு உசுரு?”ன்னு கேக்கறேள். அன்னிக்கு முடிஞ்சிருக்கும். மறுநாள் தட்டு? அதுக்கு மறுநாள்? அந்த மனுஷருக்குச் சொன்னாப் புரியாது சார். எனக்கு வேற வழியே இல்லை.

இன்னும் ஒண்ணு இருக்கு. உங்க பேப்பர்ல அது இல்லை. யாரும் கேக்கவும் இல்லை.

மணைல உக்காந்ததும் அவர் கிண்ணத்தைத் தொடலை. என் பக்கம் குனிஞ்சார். “நீ கொல்லைல போய் வாந்தி எடுப்பியாமே, ஜகதா பாத்திருக்கா, நேத்திக்குத்தான் சொன்னா. இத்தனை வருஷம் எனக்குத் தெரியாதுடீ ஸ்யாமளா. கதையையும் மாத்திட்டேன், இனிமே ராணிதான் முதல்ல சாப்பிடுவா. நாளைலேர்ந்து உன் தட்டு உனக்கு. இப்போ நீ முதல்ல எடுத்துக்கோ”ன்னார். கண்ணெல்லாம் கலங்கியிருந்தது.

கிண்ணம் என் கைக்கெட்டற தூரத்துலதான் இருந்தது. அப்பவே தட்டி விட்டிருக்கலாம்.

“வேண்டாம், கதைல இருந்தபடியே நடக்கட்டும். நீங்களே முதல்ல சாப்பிடுங்கோ”ன்னேன்.

முப்பத்து நாலு வருஷத்துல அவர் என் பேச்சைத் தட்டாம கேட்டது அந்த ஒரு தடவைதான்.