ஆட்டம் முடியட்டும் என்றார்கள்

கலங்கிய கண்களோடு இந்த இரங்கல் கூட்டத்துக்குத் தலைமையேற்றிருக்கும் எங்கள் அணியின் முன்னாள் தலைவி அவர்களே! கிரிக்கெட் வாரியப் பெருமக்களே! பெரியோர்களே! பெண் பிள்ளையை மைதானத்துக்கு அனுப்பிவிட்டு வாசலில் வெயிலில் காத்திருந்த தாய்மார்களே! பதினோரு ஆண்டுகள் ஸ்டம்புக்குப் பின்னால் குந்தியிருந்த இந்த விக்கெட் கீப்பரின் வணக்கம் உங்கள் அனைவருக்கும்.

யாருக்காகக் கூடியிருக்கிறோம்? 'பம்பரம்' என்று நாம் கொண்டாடிய சுழற்பந்து வீச்சாளருக்காக! சுண்டினாள், பந்து சுழன்றது. சுழன்றது, ஸ்டம்பு சாய்ந்தது! மட்டைக்காரிக்கு மட்டுமா திகைப்பு? எத்தனை பந்து என் முகவாயைப் பதம் பார்த்திருக்கிறது தெரியுமா? சிரிக்கிறீர்கள். சிரியுங்கள். அவளும் அப்போதெல்லாம் விழுந்து விழுந்து சிரித்தவள்தான்.

அந்தச் சிரிப்பு எங்கே போனது?

அவள் அப்பா பேருந்து ஓட்டுநர். லீவு கிடைக்காத நாளில், நிறுத்தத்துக்கு நிறுத்தம் கண்டக்டரிடம் ஸ்கோர் கேட்டுக்கொண்டே வண்டி ஓட்டியவர். எங்கள் இறுதி ஆட்டத்தன்று, ஓட்டும்போதே நெஞ்சு அடைத்தது. வண்டியை ஓரங்கட்டி நிறுத்திவிட்டு, அதன் பிறகே சாய்ந்தார் அந்த மனிதர். மருத்துவமனையிலிருந்து எங்கள் ஓய்வறைக்கு போன் வந்தது. எடுத்த மேனேஜர், "ஆட்டம் முடியட்டும், அப்புறம் சொல்லிக்கலாம்" என்று வைத்துவிட்டார். எங்களில் ஒருவருக்கும் தெரியாது.

"யாருங்க அந்த மேனேஜர்?" என்று கேட்கிறீர்கள். வேண்டாம் தம்பி. அவளே கடைசிவரை சொல்லாத பெயரை நான் ஏன் சொல்ல?

அன்று ஐந்து விக்கெட் எடுத்தாள். கோப்பை வாங்கினோம். பிறகு சொன்னார்கள். ஆடிய உடையோடு ஓடினாள். கட்டில் காலியாக இருந்தது. நர்ஸ் சொன்னார்:

"'பொண்ணுக்குச் சொல்லிட்டீங்களா'ன்னு கேட்டுக்கிட்டே இருந்தாரும்மா. சொல்லிட்டோம், வந்துருவாங்கன்னு நாங்களும் சொல்லிக்கிட்டே இருந்தோம். வாசலையேதான் பாத்துக்கிட்டிருந்தாரு."

கேட்டீர்களா தாய்மார்களே? மகளுக்குத் தெரியும் என்று நம்பினார். தெரிந்தும் வரவில்லை என்று நினைத்துப் போனாரோ?

அதன் பிறகும் ஆடினாள், விக்கெட் எடுத்தாள். ஆனால் கை உயர்த்தவில்லை; முகம் மலரவில்லை. திமிர் என்று எழுதினார்கள். ஒருநாள் நானே கேட்டேன், "ஏண்டி இப்படி இருக்க?"

"அந்த அஞ்சு விக்கெட்ல எது விழுறப்ப அப்பா கண்ணை மூடினாருன்னு தெரியலடி. இப்ப எந்த விக்கெட் விழுந்தாலும் அதான் ஞாபகம் வருது."



ஓய்வு பெற்றுப் பயிற்சியாளர் ஆனாள். ஓர் அரையிறுதி. அணியின் முக்கியமான பந்துவீச்சாளருடைய அம்மா விபத்தில் சிக்கியதாகச் செய்தி வந்தது. அணியின் செயலாளர் கையைப் பிசைந்தார்.

"நாலே ஓவர்தான் மேடம். இவ போனா தோத்துருவோம்."

"தோக்கட்டும் சார்."

விறுவிறுவென்று மைதானத்துக்குள் நடந்தாள். நடுவர் பதறினார்: "ஆட்டம் நடக்கறப்ப உள்ள வரக்கூடாது மேடம்!" அவள் காதில் வாங்கவில்லை. அந்தப் பெண்ணின் கையிலிருந்த பந்தை வாங்கினாள்.

"உங்கம்மாவுக்கு அடிபட்டிருக்கும்மா. வா, கார்ல ஏறு. நானே ஓட்டறேன்."

அந்த அணி தோற்றது. அவள் வேலை போனது. பிறகு எந்த அணியும் அவளைக் கூப்பிடவில்லை. போன மாதம் படுத்தவள் எழவேயில்லை.

அந்தப் பந்துவீச்சாளர் இதோ, மூன்றாவது வரிசையில் அழுதுகொண்டிருக்கிறார். அவர் தாய் பிழைக்கவில்லை. ஆனால் என்னிடம் சொன்னார்: "அம்மா என்னைப் பாத்துட்டாங்கக்கா. கையைப் பிடிச்சிக்கிட்டாங்க."

கைதட்டாதீர்கள், கேளுங்கள்! வாரியப் பெருமக்களே, அவளுக்குச் சிலை வேண்டாம், விருது வேண்டாம். ஒரே ஒரு விதி எழுதுங்கள்! வீட்டிலிருந்து வரும் செய்தி, வந்த நொடியே ஆடுகிறவளிடம் சேர வேண்டும். இறுதி ஆட்டமானாலும் சேர வேண்டும்! கடைசிப் பந்தானாலும் சேர வேண்டும்! எந்தக் கோப்பையைக் காட்டி அந்த ஓட்டுநருக்குச் சமாதானம் சொல்வீர்கள்?

பின்வரிசையில் யாருக்கோ போன் அடிக்கிறது. ஐயா, அணைக்காதீர்கள். எழுந்து போய்ப் பேசுங்கள். என் பேச்சு பாதியில் நின்றால் நிற்கட்டும்.

வழிவிடுங்கள் அவருக்கு. நன்றி. வணக்கம்.