நான்கு நொடிச் சிரிப்பு

அவைக்குத் தலைமை தாங்கும் ராஜபார்ட் கண்ணுச்சாமி ஐயா அவர்களே! அரிதாரம் பூசி அரசர்களாகவும் ஆண்டிகளாகவும் எங்கள் மண்ணில் வலம்வந்த மூத்த கலைஞர்களே! முன்வரிசையில் முந்தானையால் விசிறிக்கொண்டு வீற்றிருக்கும் தாய்மார்களே! அவர்களில் ஒருத்தியாக அமர்ந்திருக்கும் என்னைப் பெற்ற ராக்கம்மாளே! பேரையூர்ப் பக்கமிருந்து பஸ் பிடித்து வந்து, நாற்காலி காலியாக இருந்தும் கடைசியில் நின்றுகொண்டே இருக்கும் என் ஊர்ச் சொந்தங்களே! உங்கள் அனைவரையும் பேச்சிமுத்து மகள் பாண்டிமீனா வணங்குகிறேன்.

என்ன சித்தப்பா? சத்தம் கேட்கவில்லையா? மைக்கைக் கிட்டத்தில் வைத்துக்கொள்கிறேன். நீங்கள் முதலில் உட்காருங்கள்.

நான் மேடைக்குப் பழகியவள் அல்ல. நாலு பேர் கூடினால் புத்தகத்தோடு மூலைக்குப் போய்விடுகிறவள். இன்று ஏன் ஏறினேன்? இந்த மன்றத்தின் சுவரில் என் அப்பாவின் படத்தைத் திறக்கப் போகிறோம். அந்தத் திரைக்குப் பின்னால் எந்தப் படம் இருப்பது என்று இரண்டு வாரமாக எனக்கும் மன்றத்துக்கும் வழக்கு. அந்த வழக்கை உங்கள் முன்னால் வைக்கவே ஏறினேன்.

அழைப்பிதழில் அச்சடித்த படத்தைப் பார்த்திருப்பீர்கள். துண்டை இடுப்பில் கட்டி, முதுகை வில்லாக வளைத்து, யாரையோ கும்பிடுகிறார். யாரை என்று படத்தில் தெரியாது. எதிரில் நிற்பவருடைய செருப்பு மட்டும் தெரியும். செயலாளர் செல்வக்குமார் அண்ணன் என்னிடம் சொன்னார்: "தங்கச்சி, ஜனங்களுக்கு அப்பாவ இப்படிப் பாத்தாத்தானம்மா அடையாளம் தெரியும்?"

"அப்படின்னா தெரியாமலே போகட்டும்ண்ணே" என்றேன்.

பக்கத்துச் சுவரைப் பாருங்கள். கிரீடம் வைத்த படங்கள், வாள் பிடித்த படங்கள், சிம்மாசனத்தில் அமர்ந்த படங்கள். என் அப்பாவுக்குக் கிரீடப் படம் இல்லையா? இல்லை. கிரீடம் வைத்ததே இல்லையா? வைத்தார். ஒரே ஒரு முறை வைத்தார்.

ஒரு திருவிழா நாடகம். ராஜபார்ட் வந்த கார் கப்பலூர்ப் பக்கம் பழுதாகி நின்றுவிட்டது. விசில் பறக்கிறது, கல் பறக்கும் நேரம். என் அப்பாவுக்கு அன்று வீரன் வேடம். ராஜாவின் முதல் வெட்டில் விழுந்து சாகும் வீரன். ஆனால் ராஜாவின் அத்தனை பாட்டும் அவருக்குப் பாடம். ஆர்மோனியக்காரர் தள்ளிவிட, கிரீடத்தை எடுத்து வைத்தார். பாடினார். கூட்டம் அடங்கியது. அடங்கிய கூட்டம் அசைந்தது. அசைந்த கூட்டம் அழுதது. ஒரு மணி நேரம் என் அப்பா ராஜா!

பிறகு ஒரு குரல் வந்தது: "ஏப்பா, இது நம்ம பேச்சிமுத்து இல்ல? எவன்டா இவன் தலையில வச்சது? கழட்டச் சொல்லுங்கப்பா!"

கழற்றினார்கள். அதற்குள் ராஜபார்ட் வந்து சேர்ந்துவிட்டார். விழாக் கமிட்டியார் கிரீடத்தை அப்படியே அவரிடம் கொடுக்கவில்லை. ஒரு குடம் மஞ்சள் தண்ணீர் கொண்டுவரச் சொன்னார்கள். கழுவினார்கள். கழுவிக் கொடுத்தார்கள். ஈரம் சொட்டச் சொட்ட ராஜபார்ட் அதை வாங்கித் தலையில் வைத்துக்கொண்டார். என் அப்பா மறுபடி மர ஈட்டியைத் தூக்கிக்கொண்டு போய், அதே ராஜாவின் வாளுக்கு விழுந்து செத்தார். பிரமாதமாகச் செத்தார் என்று பார்த்தவர்கள் சொல்வார்கள்.

யார் அந்த ராஜபார்ட் என்று சிலர் ஒருவரையொருவர் பார்க்கிறீர்கள். ஐயா, நீங்கள் தலையைக் குனிய வேண்டாம். உங்களை அப்பா ஒருநாளும் வைததில்லை. "கண்ணுச்சாமி அண்ணே ஒரு வார்த்த கேட்டிருக்கலாம். ஏன் கழுவுறீகன்னு ஒரே ஒரு வார்த்த" என்பார். அவ்வளவுதான்.

நாடகம் கசந்தது, சினிமாவுக்குப் போனார். சினிமா அவருக்கு என்ன வேடம் கொடுத்தது? பண்ணையாள். பண்ணையார் காலில் விழுகிறவர். கதாநாயகனுக்குக் கோபம் வரவேண்டும் என்பதற்காகச் சாகிறவர். வெட்டுப்பட்டுச் செத்தார், விஷத்தில் செத்தார், கிணற்றில் செத்தார், தீயில் செத்தார். முப்பத்தொன்பது படங்களில் செத்தார்!

சினிமாவில் ஒரு வழக்கம் உண்டு. பாடையில் படுத்து நடித்தவரை அப்படியே எழுப்பி அனுப்பமாட்டார்கள். பூசணிக்காய் உடைப்பார்கள். கேமராவை மறுபடி ஓடவிட்டு, "அண்ணே, சிரிங்க" என்பார்கள். பிணம் கண்ணைத் திறந்து நான்கு நொடி சிரிக்கும். செத்தது பொய், இருப்பது மெய் என்பதற்கு அது சாட்சி. அந்தச் சிரிப்பு எந்தப் படத்திலும் வராது. வெட்டிப் போட்டுவிடுவார்கள்.

ஆனால் எங்கள் வீட்டில் அதுதான் முக்கியம். படப்பிடிப்பு முடிந்து அப்பா வாசலில் செருப்பைக் கழற்றும்போதே அம்மா கேட்பாள்: "சிரிச்சீகளா?"

"சிரிச்சேன் புள்ள."

அதன் பிறகுதான் சோறு.

கடைசிப் படம். வயல்வெளியில் பாடை. மூக்கில் பஞ்சு. கதாநாயகனுக்குக் கண்ணீர் வரவில்லை. வரும்வரை எடுத்தார்கள். காலையில் படுத்தவர், பொழுது சாய்கிறவரை வெயிலில் பிணமாகக் கிடந்தார். பதினான்காவது முறை கண்ணீர் வந்தது. கைதட்டல் வானைத் தொட்டது. கதாநாயகன் வேனில் ஏறினார். ஊரே வேனுக்குப் பின்னால் ஓடியது. என் அப்பா மட்டும் பாடையில் அப்படியே படுத்திருந்தார். பாடையை அவிழ்க்க வந்தவர் பதறிப்போனார்.

"என்னண்ணே, இன்னும் எந்திரிக்கலையா?"

"சிரிப்பு எடுக்கலையேப்பா."

"அட, பேக்கப் சொல்லியாச்சுண்ணே! வீட்டுல போயிச் சிரிச்சுக்கங்க!"

சிரிக்கிறீர்களா? சிரியுங்கள், தவறில்லை. வீட்டுக்கு வந்து இதைச் சொல்லிவிட்டு அப்பாவும் சிரிக்கத்தான் பார்த்தார். அன்று அம்மா கேட்ட கேள்விக்கு முதல்முறையாக வேறு பதில் வந்தது: "மறந்துட்டாய்ங்க புள்ள."

பத்தொன்பதாம் நாள் மாரடைப்பு.

சிரிக்காததால் செத்தார் என்று சொல்ல நான் வரவில்லை. நான் அதை நம்புகிறவள் அல்ல. நான் கேட்பது வேறு. ஒருவருடைய அழுகைக்குப் பதினான்கு முறை ஓடிய கேமரா, இன்னொருவருடைய உயிருக்கு நான்கு நொடி ஓடாதா? சாகச் சொல்லும்போது பெயர் சொல்லிக் கூப்பிட்டவர்களுக்கு, எழுப்பும்போது மட்டும் ஏன் பெயர் மறந்தது?

எடிட்டிங் அறையில் இருபது வருடம் வேலை பார்த்த சூரியபிரகாஷ் அண்ணன் இங்கே இருக்கிறார். துக்கம் கேட்க வந்தவர் ஒரு பென்டிரைவை என் கையில் வைத்தார். "இது எதுக்கும் ஆகாதுன்னு தூக்கிப் போட்டதும்மா. எனக்கு அழிக்க மனசு வரல" என்றார். உள்ளே பதினொரு சிரிப்புகள். பதினொரு படங்களில் வெட்டி எறிந்த என் அப்பா! பண்ணையாள் இல்லை, பிணம் இல்லை, யார் காலும் எதிரில் இல்லை. நெற்றியில் ஒட்டிய காசோடு, கழுத்தை நிமிர்த்தி, கேமராவை நேராகப் பார்த்து, 'அம்புட்டுப் பேரு சேந்து கொன்னும் எந்திரிச்சுட்டேன்ல?' என்பதுபோல ஒரு சிரிப்பு.

இந்தத் திரைக்குப் பின்னால் அதுதான் இருக்கிறது. செல்வக்குமார் அண்ணே, மன்னியுங்கள், நேற்றே மாற்றிவிட்டேன்.

நிகழ்ச்சி நிரலில் அடுத்தது இரண்டு நிமிட மௌனம் என்று போட்டிருக்கிறார்கள். வேண்டாம். தயவுசெய்து வேண்டாம். கிரீடத்தைக் கழுவியபோது ஓர் ஊரே மௌனம் தந்தது. பாடையில் விட்டுவிட்டுப் போனபோது ஒரு கூட்டமே மௌனம் தந்தது. மௌனம் எங்கள் வீட்டில் வேண்டிய மட்டும் இருக்கிறது.

கண்ணுச்சாமி ஐயா, எழுந்து வாருங்கள். திறக்க வேறு யாரையாவது கூப்பிடலாமா என்று கேட்டார்கள். நான்தான் உங்கள் கையே வேண்டும் என்றேன். ஈரக் கிரீடத்தை வாங்கிய கை அது. இன்று இந்தத் துணியை விலக்கட்டும். மெதுவாக இழுங்கள்.

இவ்வளவு நேரம் பொறுத்துக் கேட்ட பெரியோருக்கும் தாய்மாருக்கும் நன்றி. கடைசி வரிசையில் இப்போது உட்கார்ந்துவிட்ட என் ஊர்க்காரர்களுக்குத் தனி வணக்கம்.

அம்மா, திரை விலகுகிறது. நீ கேட்க வேண்டியதைக் கேள்.