எதிரில் அண்ணன்

பெரிய மார்க்கெட்டிலிருந்து வீராம்பட்டினம் போகும் பஸ். எனக்கு முன் சீட்டில் காலி மீன்கூடைகளோடு இரண்டு பெண்கள்.

“நாளைக்கு டிரா பண்ணாலே எம்பொண்ணு செஸ்ல கிராண்ட்மாஸ்டர்க்கா.”

“எதிர்ல ஆடறது யாரு?”

“அவ அண்ணன்தான்.”

என் ஸ்டாப் வந்தது. நான் இறங்கவில்லை.

“அவன் போன வருசமே கிராண்ட்மாஸ்டர் ஆயிட்டானே! தங்கச்சிக்கு வுட்டுக்குடுத்துடுவான், போ.”

“அதான் பயமே. ‘ஜெயிக்கப் பாருடா’ன்னு போன்ல சொல்லிட்டேன்.”

“பெத்தவ பேசற பேச்சா இது?”

“உனக்குத் தெரியாதுக்கா. சின்னதுல ஒருவாட்டி வேணும்னே தோத்தான். கண்டுபுடிச்சிட்டா. நேரா போயி அவனோட ராஜாவைக் கடல்ல வீசிட்டா. இன்னிக்கும் எங்க வூட்ல வலையில கட்டற ஈயக்குண்டுதான் ராஜா.”