நியூட்ரல் சோனில் ஒரு வெள்ளிக்கிழமை

பிக்அப் பறக்கிறது. பின்னால் பதினோரு பேர். வடக்கே டம்ம். மறுபடியும் டம்ம். தலைக்கு மேல் ஹெலிகாப்டர். "குனி! தலையக் குனி!" யாரோ கத்துகிறார்கள். வாயெல்லாம் மணல். எனக்கு பேண்ட் நனைந்துவிட்டது. சொல்ல வெட்கமில்லை.

1990 ஆகஸ்ட் 3. வெள்ளிக்கிழமை. முந்தின நாள்தான் ஈராக் ராணுவம் குவைத்துக்குள் புகுந்தது.

நாங்கள் வேலை பார்த்த இடத்துக்குப் பெயர் நியூட்ரல் சோன். குவைத்துக்கும் சவூதிக்கும் நடுவே ஒரு துண்டுப் பாலைவனம். எல்லை முடிவாகாமல் பொதுவில் கிடந்தது. எண்ணெய் வந்ததும் ஆளுக்குப் பாதி பிரித்துக்கொண்டார்கள். பெயர் மட்டும் ஒட்டிக்கொண்டது. இன்றைக்கு டெக்சாஸில், நான் குடியிருக்கும் இந்தக் கேட்டி ஊரில், எண்ணெய்க் கம்பெனிப் பிள்ளைகளே, "எந்த சோன் அங்கிள்?" என்கிறார்கள். எரிச்சலாக வருகிறது.

சகாயம் என் ரூம்மேட். தூத்துக்குடி. வெல்டர். விசா புதுப்பிக்க அவன் பாஸ்போர்ட் குவைத் நகரத்து ஆபீஸுக்குப் போயிருந்தது. வடக்கே. சண்டை நடக்கும் இடத்தில். உயிரே போனாலும் பாஸ்போர்ட் போகக்கூடாது. வளைகுடாவில் இறங்கிய அன்றே எங்கள் மண்டையில் ஏற்றிய பாடம் அது.

"ஏறுல சகாயம்! வண்டி கெளம்புது!"

"பாஸ்போர்ட் இல்லாமப் போனா பார்டர்ல பிடிச்சு உள்ள போட்டிருவானுவ. எடுத்துட்டு வந்திருதேன். நீ போ மக்கா!"

குடும்பத்தைத் தேடி வடக்கே போன ஒருவரின் லாரியில் தொற்றிக்கொண்டான். புழுதி மறைத்துவிட்டது.

சவூதி எல்லைச் சாவடி. பாஸ்போர்ட்டைக் கையில் இறுக்கிப் பிடித்திருக்கிறேன். தடுப்புக் கம்பி தூக்கியே இருக்கிறது. சிப்பாய் கையை வீசிக் கத்துகிறான். "யல்லா! யல்லா!" யாரிடமும் எதுவும் கேட்கவில்லை. பாஸ்போர்ட் இல்லாத நாலு பேர் என்னோடு கடந்தார்கள்.

இப்போது ஜூலை நாலு. அமெரிக்கச் சுதந்திர தினம். கேட்டியில் வாணம் வெடிக்கிறது. டம்ம். நான் கராஜில், காருக்கும் சுவருக்கும் நடுவே குந்தியிருக்கிறேன். மகள் கதவைத் திறக்கிறாள். "அப்பா, இட்ஸ் ஜஸ்ட் ஃபயர்வொர்க்ஸ்." எனக்குத் தெரியும். என் உடம்புக்குத் தெரியவில்லை. பயமாக இருக்கிறது.

போனவை: எங்கள் கேம்ப். இரண்டு கட்டில். ஒரு டேப் ரெக்கார்டர். ஊருக்கு வாங்கிய நாலு போர்வை. மேப்பில் அந்தப் பெயர்.

போனவர்: சகாயம். வயது முப்பத்தொன்று. ஆபீஸ் வரை அவன் போய்ச் சேரவில்லை. போர் முடிந்தபின் அவன் பாஸ்போர்ட் தபாலில் தூத்துக்குடிக்கு வந்தது. புது விசா குத்தியிருந்தது. அவன் வரவில்லை.