அமாவாசையன்று பறந்தவர்

ஆஸ்பத்திரி வாசலில், நோயாளிகளைப் பார்க்க நின்ற வரிசையில், எனக்கு முன்னால் கூஜாவோடு நின்ற பெண் தன் தெருக்காரர் ஒருவரிடம் சொன்னார்:

“அமாவாசையில பறந்திருக்கக் கூடாதுண்ணா.”

“உன் வூட்டுக்காரன் பறந்தானா?” அவர் சிரித்தார்.

“சத்தத்தாலயே மேல போற மெஷினு, அவரே செஞ்சது. தெருவுல தறியெல்லாம் ஓடிக்கினு இருக்கும்போது அவரைத் தூக்கிக்கினு ஒரு முழம் எழும்புச்சு. என் கண்ணால பார்த்தேன்.”

“அப்புறம் ஏம்மா வுழுந்தான்?”

“ஊரே வந்து பார்க்கணும்னு, தறிக்கு லீவு நாளா பார்த்து மாடியிலேர்ந்து கிளம்பிட்டாரு. அமாவாசையாச்சே, ஒரு தறி ஓடலை.”

அவர் சிரிப்பு நின்றது. “தறி மிதிக்கக் கால் வருமா?”

“இனிமே வராதுன்னுட்டாரு டாக்டரு. இவரு நம்பலை. வூட்டுக்குக் கூட்டிக்கினு போ, தெருவே ஒண்ணா நெய்யட்டும், எழுந்து நிக்கிறேன்றாரு.”

“கூட்டிக்கினு போயேம்மா.”

“வார்டுல சத்தம் போடாதேன்னு போர்டு மாட்டியிருக்குது. அதனாலதான் எழுந்துக்க முடியலைன்னு நினைச்சிக்கினு தைரியமா கிடக்கறாருண்ணா.”

வரிசை நகர்ந்தது. அந்தப் பெண் நகரவில்லை.

“நாளைக்கு வூட்டுக்குப் போவச் சொல்லிட்டாங்க.”