மூலையில் ஒரு சிவப்பு முத்திரை

இன்னும் எடுக்கலியா? வரைஞ்சிட்டிருப்பாரும்மா. ஓவியருங்க என்னிக்கு மொத மணியிலயே ஃபோன் எடுத்திருக்காங்க? உட்காரு. கதவு திறந்தே இருக்கட்டும்.

உன் கட்டுரைய நான் குறையே சொல்லல. இன்னிக்கு சீனாவுல எழுதறவங்க, வரையறவங்க எப்படி வாயக் கட்டிக்கிட்டு யோசிக்கறாங்கன்னு இவ்வளவு தெளிவா நம்ம துறையில யாரும் எழுதினதில்ல. துறைத் தலைவருன்னு எனக்கும் பெருமதான்.

சரி, திரும்ப ஃபோன் அடி. நான் பேசறத ஒரு காதால கேளு.

ஜன்னல் வழியா தெரியுதே புதுக் கட்டடம், நூலகம், கண்காட்சிக் கூடம் எல்லாம் அந்த சீனாக்காரங்க அறக்கட்டளை கட்டிக் குடுக்குது. ஒரு நிபந்தனையும் இல்ல. சிரிக்காத, எழுத்துல இல்லன்னுதான் சொல்றேன். மொதல்ல ரோடு போட்டாங்க, அப்புறம் துறைமுகம், இப்ப நம்ம வாசலுக்கு வந்திருக்காங்க. நல்ல மனுஷங்க. பரிமாறினவங்களுக்குக்கூட எழுந்து நின்னு நன்றி சொல்றாங்கன்னா பாத்துக்கயேன்.

நீ ஜாக்கிரதையாதான் இருந்திருக்க. கட்டுரையில அந்த ஓவியர் பேரு இல்ல. ஊர மாத்திட்ட. ஆம்பளையா பொம்பளையான்னுகூடத் தெரியாம எழுதியிருக்க, கெட்டிக்காரி. ஆனா அவர் வரைஞ்ச அந்தக் காலி நாற்காலிப் படத்த முழுசாப் போட்டுட்டியே! மூலையில சிவப்பா அவர் முத்திரை. ஓவியத்தோட ஓரத்த வெட்டக் கூடாதுன்னு பழகின கை, வெட்ட மனசு வரல. புரியுது.

ஆமா, அதுல இருக்கறது அவர் பேரு இல்லதான். ஒழுகுற வீட்டுக்காரர்னு அவரே கேலிக்கு வெச்சுக்கிட்டது. அன்னிக்கு சீனாவுல அவர் வீட்டுக்கு நாம போயிருந்தப்ப, வாளிய நகத்தி நகத்தி வெச்சுக்கிட்டே நமக்கு டீ ஊத்தினாரே, மறக்குமா? அந்தப் பேரப் படிக்கத் தெரிஞ்சாலும், அது யாருன்னு சொல்ல நம்ம ரெண்டு பேர விட்டா வெளிய ஆளே கிடையாதுன்னு நீ நம்பின. சரிதான்.

அவங்களுக்கும் தெரியல. நேத்து மதியம் சாப்பிடறப்ப உன் கட்டுரைய விரிச்சு வெச்சு, யாரு சார் இந்த ஒழுகுற வீட்டுக்காரர், நம்ம திறப்பு விழாவுக்குக் கூப்பிடலாமேன்னு கேட்டாங்க. அவ்வளவு மரியாதையாக் கேக்கறப்ப, எப்படிம்மா தெரியாதுன்னு சொல்றது?

ஏன் எழுந்துட்ட? தண்ணி குடி.

அந்த ஃபோனையும் வெச்சுடு. இனிமே அந்தப் பக்கம் யாராவது எடுத்தாலும், அது அவரா இருக்காது.