தூண்டியதாகச் சொன்ன குற்றம்

என் வக்கீல் சனிக்கிழமைகளில் யாரையும் பார்ப்பதில்லை. என்னை மட்டும் பார்த்தார். பிரிக்பீல்ட்ஸில் முப்பது வருடம் ரயில்வே ஆட்களுக்குப் பெரிய கங்காணியாக இருந்த தம்புசாமியை வாசலில் நிற்க வைக்க அவருக்கு மனம் வரவில்லை.

அவர் சொன்ன நியாயம் எளிமையானது. என் தங்கை நல்லம்மாளின் பிள்ளைகள் அய்யாவு, நாகையா இருவரும் என் மகள் சீதாலெட்சுமியைக் கொன்றதாக ஒரு வழக்கு. அவர்களைத் தூண்டிவிட்டதாக என்மேல் இன்னொரு வழக்கு. அவர்களைக் கோர்ட்டு விடுதலை செய்துவிட்டது.

"அம்பே பாயலைன்னு ஆயிப்போச்சு. அப்புறம் எய்தவன் எங்கேருந்துங்க வருவான்?" என்றார் வக்கீல். நீதிபதி அதை ஏற்று என் வழக்கைத் தள்ளுபடி செய்தார்.

சீதாலெட்சுமி அய்யாவுக்கு முறைப்பெண். அவள் பிறந்த அன்றே பேசி வைத்தது. அவளோ கிள்ளான் சரக்குக் கொட்டகையில் வேலை பார்த்த ஒருவனைத்தான் கட்டிக்கொள்வேன் என்றாள். அவன் பெயரை நான் சொல்வதில்லை. அய்யாவு கள்ளுக்கடையில் நின்று, "என்னை வேணாம்னவ எப்படி வாழுறான்னு பாக்குறேன்" என்று கத்தினான். மூன்றாம் நாள் அவள் செங்கல் சூளைக்கு மண் வெட்டிய குட்டையில் மிதந்தாள். தவறி விழுந்ததாகத்தான் எல்லோரும் நம்பினார்கள். கழுத்தில் தடம் இருந்ததாக டாக்டர் எழுதிய காகிதம் போலீஸுக்குப் போய்ச் சேர்வதற்குள், அவளுக்குச் செய்ய வேண்டிய காரியத்துக்காக நான் இராமேஸ்வரம் போகக் கப்பலேறிவிட்டேன். பையன்களைப் பிடித்தார்கள். பதினோரு மாதம் உள்ளே இருந்தார்கள். நாகையா இருமலோடு வந்தான்.

என் வழக்கு தள்ளுபடியான பிறகும் கோயில் கமிட்டிக்கு மனம் ஆறவில்லை. மாரியம்மன் திருவிழாவில் முதல் மரியாதை எங்கள் குடும்பத்துக்கு. சூடம் ஏற்றிச் சத்தியம் செய்தால்தான் பரிவட்டம் என்றார்கள். தலைவர் வேலாயுதம் ஒழுங்கானவர். குற்றப்பத்திரிகையில் இருந்த வாசகத்தையே தமிழில் எழுதி எடுத்து வந்திருந்தார். வெள்ளைக்காரன் கேட்டதைத்தான் அம்மனும் கேட்பாள் என்பது அவர் எண்ணம்.

உள்ளங்கையில் சூடம் எரிய, "என் மகளைக் கொல்லும்படி நான் யாரையும் தூண்டவில்லை" என்றேன். பரிவட்டம் கட்டினார்கள்.

நல்லம்மாள் கூட்டத்தை விலக்கிக்கொண்டு வந்தாள்.

"சத்தியம் முடிஞ்சுதாண்ணே?"

"நீயுந்தானே பாத்தே."

"பாத்தேன். யாரையும் தூண்டலைன்னே. எம் புள்ளைங்க செய்யலைன்னு எனக்குத் தெரியும். இந்தா, இன்னொரு சூடம். நானும் செய்யலைன்னு சொல்லு."

"என்னம்மா இது, கங்காணி ஐயாவப் போயி..." என்றார் வேலாயுதம்.

"நீங்க சும்மா இருங்க. பெரிய மனுசன் வாயத் தொறக்கட்டும். ஏண்ணே, கை சுட்டுருச்சா?"

நான் பரிவட்டத்தைச் சரிசெய்துகொண்டேன்.

"எம் புள்ளைங்கள தூக்குல போட்டிருந்தா?"

"போடலையே, நல்லம்மா."

அவளே சூடத்தைத் தட்டில் வைத்து ஏற்றினாள். அது எரிந்து தீரும்வரை நான் கையை நீட்டவில்லை. எங்கள் குடும்பத்தில் யாரும் பொய்ச் சத்தியம் செய்ததில்லை. வேலாயுதம் என் தலையிலிருந்த பரிவட்டத்தை அவிழ்த்தார்.

அதனால்தான் உங்கள் முன் வந்து உட்கார்ந்திருக்கிறேன், இன்ஸ்பெக்டர் ஐயா. முன்பே ஏன் வரவில்லை என்று கேட்பீர்கள். அப்போது காப்பாற்ற மரியாதை இருந்தது. அதற்காக இரண்டு பையன்கள் கொஞ்ச நாள் உள்ளே இருப்பது பெரிதாகத் தோன்றவில்லை.

கோர்ட்டு செய்தது சரிதான். உங்கள் குற்றப்பத்திரிகைதான் தவறு. வீட்டு மானத்தை மருமகப் பிள்ளைகளிடம் ஒப்படைத்துவிட்டு ஒதுங்கி நிற்கும் ஆள் என்று என்னை எழுதியிருந்தீர்கள். அதைப் படித்த அன்றுதான் எனக்குக் கோபம் வந்தது.

"அந்தக் கிள்ளான் பையனையே பேசி முடிக்கலாம், வா" என்றுதான் சீதாலெட்சுமியை அழைத்துப் போனேன். வழியெல்லாம் சிரித்துப் பேசிக்கொண்டு வந்தாள். குட்டைக் கரையில் அவள் சேலைத் தலைப்பே போதுமானதாக இருந்தது. அதிக நேரம் ஆகவில்லை.

தாயில்லாப் பிள்ளை. செல்லமாக வளர்த்தேன். கடைசிவரை அவள்மேல் இன்னொருவன் கை படவிட்டதில்லை.